பொன் கண்ட ஆற்றங்கரை

உலகப் படத்தில் தேடினாலும் எளிதில் கண்ணில் படாத சிற்றூர்கள் சில, பெரு நாடுகளின் வரலாற்றையே திருப்பிவிட்டதுண்டு. அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்தில், சியரா நெவாடா மலைச்சாரலில், அமெரிக்கன் ஆற்றின் தென்கிளைக் கரையில் அமைந்துள்ள கொலோமா அத்தகைய ஓர் ஊர். 2010ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அங்கு வாழ்ந்தோர் 529 பேர். அவ்வூருக்கென நகராட்சி மன்றமோ மேயரோ கிடையாது. எல் டொராடோ மாவட்ட நிர்வாகமே அதன் காரியங்களைக் கவனித்து வருகிறது.

ஆற்றின் பழைய மக்கள்

அக்கரையில் தொன்றுதொட்டு வாழ்ந்தவர்கள் நிசெனான் பழங்குடியினர். ஓக் மரத்தின் கொட்டைகளை இடித்து மாவாக்கி உண்டனர். ஆற்றில் மீன் பிடித்தனர். அவர்கள் தம் ஊருக்கு இட்ட பெயரே கொலோமா எனத் திரிந்தது.

ஆலையும் பொன்னும்

ஸ்விட்சர்லாந்திலிருந்து குடியேறிய ஜான் சட்டர் என்பவர், 1847இல் அங்கு மரம் அறுக்கும் ஆலை ஒன்று கட்ட முனைந்தார். பொறுப்பேற்றவர் ஜேம்ஸ் மார்ஷல் என்னும் தச்சர். ஆலைச் சக்கரத்தைச் சுற்றிய நீர் ஆற்றுக்குத் திரும்பும் கால்வாயை, 1848 ஜனவரி 24 அன்று காலை அவர் பார்வையிட்டார். நீரடியில் மஞ்சள் துணுக்குகள் மின்னின. தட்டிப் பார்த்தார், உடையாமல் தட்டையாயின. அது பொன்!

ஆற்றில் பொன் வந்தது எப்படி? மலைப்பாறைகளில் இழையோடிய பொன், பாறை சிதையும்போது விடுபட்டு வெள்ளத்தில் உருண்டு வருகிறது. பொன், தண்ணீரைப்போல் ஏறக்குறைய 19 மடங்கு கனமுடையது. எனவே ஓட்டம் தளரும் வளைவுகளில் மணலைவிட முந்தி அடியில் தங்கிவிடுகிறது.

இது நடந்த 9ஆம் நாள், பிப்ரவரி 2 அன்று, கலிபோர்னியாவை அமெரிக்காவுக்கு விட்டுக்கொடுக்கும் உடன்படிக்கையில் மெக்சிகோ கையெழுத்திட்டது. கையெழுத்திட்டவர்கள் பொன்னைப் பற்றி அறியார்! அடுத்த சில ஆண்டுகளில் ஏறத்தாழ 3 இலட்சம் பேர் கலிபோர்னியாவுக்குத் திரண்டு வந்தனர். 1850இல் அது தனி மாநிலமாயிற்று. கொலோமா மாவட்டத் தலைநகராயிற்று.

பயன் பெற்றவர் யார்?

சட்டரின் நிலங்களில் வந்தேறிகள் புகுந்தனர். இழப்பீடு கேட்டு அலைந்த அவர் 1880இல் காலமானார். பொன்னைக் கண்டெடுத்த மார்ஷலோ 1885இல் வறுமையில் மாண்டார். அயல்நாட்டுச் சுரங்கத் தொழிலாளர் மீது 1850இல் மாதம் 20 டாலர் வரி விதிக்கப்பட்டது. எல்லாரினும் மேலாகத் துயருற்றவர்கள் மண்ணின் மைந்தர்களே. 1848இல் சுமார் 1,50,000 ஆக இருந்த கலிபோர்னியப் பழங்குடியினர், நோயாலும் பட்டினியாலும் படுகொலைகளாலும் 1870இல் சுமார் 30,000 ஆகக் குறைந்தனர்.

கொலோமாவின் நிலையும் நீடிக்கவில்லை. எளிதில் கிடைத்த பொன் தீர்ந்தது, கூட்டம் கலைந்தது. 1857இல் மாவட்டத் தலைமையும் பிளேசர்வில் நகருக்குப் போயிற்று. எஞ்சியோர் பழத்தோட்டங்களும் திராட்சையும் பயிரிட்டனர். இன்று ஊரின் பெரும்பகுதி அரசின் வரலாற்றுப் பூங்காவாக உள்ளது. ஆற்றில் படகு விடுவதற்கும் மக்கள் வருகின்றனர்.

குன்றின்மேல் 1890இல் நிறுவப்பட்ட மார்ஷலின் சிலை, பொன் கிடைத்த இடத்தை நோக்கி விரல் நீட்டி நிற்கிறது. அவ்விடத்தில் அதற்கு முன் வாழ்ந்தவர்கள் யார், அவர்கள் என்ன ஆனார்கள் என்பதை அந்த விரல் சொல்லாது. அதைக் கேட்டறிய வேண்டியது வரலாறு பயிலும் நம் கடமையன்றோ?