அலை அடிக்காத இடம்



கடலைப் பார்க்காதவங்க நம்ம பள்ளியில் ஒருத்தரும் இருக்க மாட்டீங்க. காணும் பொங்கலுக்கும் மாசி மகத்துக்கும் புதுச்சேரி கடற்கரையில் கால் வைக்க இடம் இருக்காது. ஆனால் வருஷா வருஷம் “கடல் இழுத்துக்கிட்டு போயிடுச்சு” என்ற செய்தியும் வருது. யார் இழுக்கிறது? கடல் காவு கேக்குதுன்னு சில பெரியவங்க சொல்றாங்க. அடியில் சுழல் இருக்குது, உள்ளே உறிஞ்சிடும்னு சில பேர் சொல்றாங்க. இரண்டுமே இல்லை. அது என்ன என்று பார்ப்போமா?

முதலில் ஒரு கேள்வி. கரையில் நிற்கிறீங்க. இடது பக்கம் அலை வெள்ளை வெள்ளையா உடையுது. வலது பக்கமும் அப்படித்தான். நடுவில் மட்டும் பத்து இருபது மீட்டர் அகலத்துக்கு அலையே இல்லை, குளம் மாதிரி அமைதியா இருக்குது. குளிக்கணும்னா எங்கே இறங்குவீங்க? எங்க வகுப்பில் கேட்டேன். கிட்டத்தட்ட எல்லாரும் “நடுவுலதான்” என்றார்கள். அந்த நடுதான் ஆளை இழுக்கிற இடம்!

காரணம் இதுதான். அலை கரைக்கு வரும்போது தண்ணீரைச் சுமந்துகொண்டு வருது. வந்த தண்ணீர் திரும்பிப் போகணும் இல்லையா? கரைக்குக் கொஞ்சம் தள்ளி, தண்ணீருக்கு அடியில் நீளமா மணல் திட்டு இருக்கும். அது சுவர் மாதிரி தடுக்கும். திட்டில் எங்கே உடைப்பு இருக்குதோ, அந்த வழியாகத்தான் தண்ணீர் எல்லாம் வேகமாக வெளியே ஓடும். சாயங்காலம் மணி அடித்ததும் எல்லா வகுப்பும் ஒரே கேட்டில் நெருக்கிக்கொண்டு வெளியே போறோமே, அது மாதிரி! உடைப்பு இருக்கிற இடம் ஆழம். ஆழத்தில் அலை உடையாது. அதனால்தான் அங்கே அமைதியாகத் தெரியுது. உண்மையில் அது கடலுக்குள் ஓடுகிற ஒரு ஆறு.

இதற்கு ஆங்கிலத்தில் ‘ரிப் கரண்ட்’ என்று பெயர். 1936-ல் அமெரிக்க நிலவியல் அறிஞர் பிரான்சிஸ் ஷெப்பர்ட் இந்தப் பெயரைச் சொன்னார். அதுக்கு முன்னாடி அந்த ஊர்க்காரங்களும் நம்மள மாதிரி, ஏதோ அடியில் இருந்து இழுக்குதுன்னுதான் நினைத்தார்கள். ரிப் கரண்ட் ஆளைக் கீழே இழுக்காது, வெளியேதான் கொண்டுபோகும். இந்த ஒரு வரியை மட்டும் தயவுசெய்து மறக்காதீங்க.

வேகம் எவ்வளவு தெரியுமா? சாதாரணமாக விநாடிக்கு 1 அல்லது 2 அடி. கடல் கொந்தளிக்கிற நாளில் விநாடிக்கு 2.5 மீட்டர் வரை கூட போகும். 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் சீன வீரர் பான் ஜான்லே 100 மீட்டரை 46.40 விநாடியில் நீந்தி உலக சாதனை செய்தார். கணக்குப் போட்டுப் பாருங்கள், விநாடிக்கு சுமார் 2.16 மீட்டர்தான் வருது. அவரே எதிர்த்து நீந்தினாலும் கரை சேர முடியாது. கிணத்துல குதிச்சு நீச்சல் கத்துக்கிட்ட நாம எந்த மூலைக்கு?

எங்க தெருவில் ஒரு தாத்தா இருக்கார். சின்ன வயசில் கட்டுமரத்தில் போனவர். அவரிடம் கேட்டேன். “அலை இல்லாத வாயி பாத்துதாம்மா மரத்தத் தள்ளுவோம், தண்ணியே கொண்டுபோயி விட்டுடும்” என்றார். எனக்கு ஆச்சரியமாக இருந்தது. நமக்கு ஆபத்தான இடம் அவங்களுக்கு வாசல்! “எந்த இடம்னு காட்டுங்க தாத்தா” என்றேன். “இன்னிக்கு இங்க இருக்கும், நாளைக்கு வேற எடத்துக்குப் போயிடும், எதைக் காட்டுறது?” என்று சிரித்தார். மணல் திட்டு நகர்ந்துகொண்டே இருக்கும், அதோட உடைப்பும் நகரும். அதனால் ‘நேத்து இங்கதானே குளிச்சோம்’ என்பது கணக்கிலேயே வராது.

நம்ம கரையில் இன்னொரு விஷயமும் உண்டு. 1980-களின் கடைசியில் அரியாங்குப்பம் ஆற்று முகத்துவாரத்தில் துறைமுகத்துக்காகக் கல் கட்டினார்கள். தெற்கே இருந்து வடக்கே போகிற மணல் அங்கேயே தங்கிவிட்டது. வடக்கே இருந்த ஊர்களில் கரை அரித்தது. அரிப்பைத் தடுக்கத்தான் கடற்கரைச் சாலையில் பாறாங்கல், கோட்டக்குப்பம் பக்கம் தூண்டில் வளைவு. தூண்டில் வளைவு ஓரமாகவும் தண்ணீர் இப்படி வெளியே ஓடும். கல் பக்கத்தில் இருந்தால் பிடிச்சுக்கலாம்னு நினைச்சு நிறைய பேர் அங்கேதான் இறங்குறாங்க. கல்லில் பாசி வேற!

சரி, மாட்டிக்கிட்டா? கரையைப் பார்த்து நீந்தவே கூடாது. அப்படி நீந்தித்தான் கை சோர்ந்து மூழ்குறாங்க. மல்லாந்து மிதந்து, ஒரு கையைத் தூக்கிக் கூப்பிடணும். அது குறுகலான ஆறுதான், அலை உடையுற இடத்தைத் தாண்டினால் பெரும்பாலும் வேகம் குறைந்துவிடும். நீந்தத் தெரிந்தவங்க கரைக்குப் பக்கவாட்டில், அதாவது கடற்கரைச் சாலை போகிற திசையிலே நீந்தி, வெள்ளை அலை இருக்கிற இடத்துக்கு வரணும். அங்கே அலையே நம்மைக் கரைக்குத் தள்ளும்.

கரையில் நிற்கிறவங்க கைகோத்துச் சங்கிலி மாதிரி இறங்காதீங்க. ஒருத்தரைக் காப்பாற்றப் போய் மூணு பேர் போறது அப்படித்தான். மூடி போட்ட காலி தண்ணி கேன், பந்து, கயிறு, எது கிடைச்சாலும் தூக்கிப் போடுங்க. பக்கத்தில் மீனவர் இருந்தால் சத்தம் போட்டுக் கூப்பிடுங்க. 112-க்குப் போன் செய்யுங்க.

இறங்குவதற்கு முன்னாடி, மேடான இடத்தில் நின்று பத்து நிமிஷம் கடலைப் பாருங்கள். நுரையோ பூவோ மிதந்து கடலுக்குள்ளே போனால், தண்ணீர் அங்கே மட்டும் மண் கலந்து நிறம் மாறித் தெரிந்தால், அதுதான் அந்த இடம்.

— 9-ஆம் வகுப்பு ‘ஆ’ பிரிவு மாணவி