மக்கள் பணத்தில் மலர்ந்த படங்கள்

திரைப்படம் என்றாலே ஆடலும் பாடலும் என்று எண்ணுவோர் நம்மிடையே பலர். ஏழை எளியோரின் வாழ்வை உள்ளபடி காட்டும் படங்களுக்குப் பணம் போட எந்த முதலாளி முன்வருவார்? அத்தகைய படங்களுக்குக் கைகொடுக்கவென்றே அரசாங்க நிறுவனம் ஒன்று நாம் வாழும் மும்பையில் இயங்கி வருகிறது. அதுதான் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்.

எஸ். கே. பாட்டீல் தலைமையிலான திரைப்பட விசாரணைக் குழு 1951-ல் தன் அறிக்கையை அளித்தது. கடும் வட்டிக்குக் கடன் வாங்கிப் படம் எடுப்போர் படும் அல்லலை நீக்க, அரசே நிதி உதவ வேண்டும் என்று அக்குழு கூறிற்று. அதன் பயனாக 1960-ல் திரைப்பட நிதிக் கழகம் பிறந்தது. 1975-ல் தேசியக் கழகம் தோன்றியது. 1980-ல் நிதிக் கழகமும் அதனுடன் ஒன்றாயிற்று.

ரயில்வேயில் எழுத்தராகப் பணிபுரியும் நமக்கு, நிதிக் கழகத்தின் உதவியுடன் மிருணாள் சென் 1969-ல் எடுத்த ‘புவன் ஷோம்’ தனி மகிழ்ச்சி தருவது. கண்டிப்பே உருவான ஒரு ரயில்வே மேலதிகாரி, விடுப்பில் வேட்டைக்குச் செல்கிறார். அங்கே அவருக்கு அன்பு காட்டி உபசரிக்கும் கிராமத்துப் பெண், அவர் தண்டிக்கவிருந்த டிக்கெட் பரிசோதகருக்கு வாழ்க்கைப்பட்டவள்! கோப்புக்குப் பின்னால் ஒரு குடும்பம் இருப்பதை அவர் அறிகிறார். அலுவலகங்களில் அமர்ந்திருக்கும் நம் போன்றோர் அனைவரும் காணவேண்டிய படம் இது.

நம்மவர் பெருவாரியாக வாழும் தாராவியும் திரைக்கு வந்தது. சுதீர் மிஸ்ராவின் ‘தாராவி’யில், தொழிற்சாலை முதலாளியாகிவிட வேண்டும் என்ற ஆசையில் சேமிப்பையெல்லாம் பணயம் வைக்கிறான் ஒரு டாக்ஸி ஓட்டுநர். ஓம் புரியின் நடிப்பில் அந்த ஆசையும் அதன் வீழ்ச்சியும் நெஞ்சைத் தொடுகின்றன. நம் தெருக்களில் இத்தகைய ஒருவரை அறியாதார் உண்டோ?

தமிழும் பின்தங்கவில்லை. கழகத்தின் தயாரிப்பில் கே. எஸ். சேதுமாதவன் இயக்கிய ‘மறுபக்கம்’, 1990-ஆம் ஆண்டின் சிறந்த படத்திற்கான தங்கத் தாமரை விருதைத் தமிழுக்கு முதன்முதலாகக் கொணர்ந்தது. எழுத்தாளர் பூமணி இயக்கிய ‘கருவேலம் பூக்கள்’, மழை பொய்த்த கரிசல் பூமியிலிருந்து தீப்பெட்டித் தொழிற்சாலைக்குச் செல்லும் சிறுமியரின் துயரைச் சொல்வது. அந்தக் கரிசலை விட்டு ரயில் ஏறியவர்கள் நம்மில் எத்தனை பேர்!

ஆனால் ஒரு குறை. எடுக்கப் பணம் கிடைத்த அளவுக்கு, இப்படங்களைத் திரையிடக் கொட்டகைகள் கிடைக்கவில்லை. விருது பெற்ற படம் பெட்டிக்குள் உறங்கினால், யாருடைய வாழ்வைக் காட்டிற்றோ அவர்கள் அதைக் காண்பது எங்ஙனம்? மக்கள் வரிப்பணத்தில் விளைந்தது மக்களிடம் வந்து சேர வேண்டாமா?

மாட்டுங்காவிலும் செம்பூரிலும் தாராவியிலும் உள்ள தமிழ் அமைப்புகள் ஆண்டுக்கு இரண்டு மாலைப் பொழுதுகளை ஒதுக்கி, முறைப்படி அனுமதி பெற்று, இப்படங்களைத் திரையிடலாம். ஊரைக் காணாது இங்கேயே பிறந்து வளரும் நம் குழந்தைகள், தம் பெற்றோர் எதை விட்டு வந்தனர் என்பதை அன்று அறிந்துகொள்வர்.