கத்தி தந்ததும் தராததும்

குரல் உடையும் வயதுக்கு முன்பே சிறுவர்களின் விரைகளை அகற்றிப் பாடகர்களாக்கும் வழக்கம் இத்தாலியில் 300 ஆண்டுகளுக்கு மேல் நீடித்தது. காஸ்ட்ராட்டோ எனப்பட்ட அவர்களைப் பற்றிப் பேச்சு வந்தாலே, அந்தக் கொடுமை இல்லாவிட்டால் அந்த இசையும் இல்லை என்று சொல்லிவிடுகிறார்கள். உடலியல் அப்படிச் சொல்லவில்லை. பருவ வயதில் சுரக்கும் டெஸ்டோஸ்டிரோன் குரல்வளையைப் பெரிதாக்கி, குரல் நாண்களை நீட்டித் தடிக்கச் செய்கிறது. ஆண் குரல் ஏறக்குறைய ஒரு ஸ்தாயி இறங்குகிறது. கத்தி தடுத்தது இந்த இறக்கத்தை மட்டுமே. சிறுவனின் நாண்கள் சிறியவையாகவே நின்றன. சங்கீதம் அதனால் வந்துவிடவில்லை.

உடல் வளர்ச்சியும் கைகொடுத்ததே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். பாலின ஹார்மோன் இல்லாதபோது எலும்பு முனைகளின் வளர்ச்சித் தட்டுகள் மூடத் தாமதமாகி, கை கால்கள் நீள்கின்றன. 1782இல் இறந்த புகழ்பெற்ற காஸ்ட்ராட்டோ ஃபாரினெல்லியின் எலும்புகளை 2006இல் பொலோன்யாவில் தோண்டியெடுத்தார்கள். கை கால் எலும்புகள் நீண்டிருந்தன; நெற்றி எலும்பின் உட்புறம் தடித்திருந்தது. மாதவிடாய் நின்ற பெண்களிடம் அதிகம் காணப்படும் மாற்றம் அது. இதே வளர்ச்சியால் அகன்ற மார்புக்கூடு நிறைய மூச்சைக் கொள்ளும்தான். ஆனால், ஒரே சுரத்தை மெல்லத் தொடங்கிப் பெருக்கி மீண்டும் தேய்த்து முடிக்கும் ஃபாரினெல்லியின் ஆளுமை, பொர்ப்போரா என்ற ஆசிரியரிடம் செய்த சாதகத்தில் விளைந்தது. அதே கத்திக்கு ஆளான பெரும்பாலான சிறுவர்கள் புகழின் வாசலைக்கூட எட்டவில்லை. இதைவிட வலுவான சான்று இசையமைப்பாளர் ஹேண்டல் தருவது. 1720 ஏப்ரலில் லண்டனில் அரங்கேறிய அவருடைய ‘ராடமிஸ்டோ’ ஓபராவில் நாயகன் வேடத்தைப் பாடியவர் துராஸ்தாந்தி என்ற பெண். அதே ஆண்டு டிசம்பரில்தான் அது செனெசீனோ என்ற காஸ்ட்ராட்டோவிடம் போனது. அந்த இசைக்குக் கத்தி கட்டாயமாக இருக்கவில்லை.

திருச்சபை இந்த வழக்கத்தைத் தடை செய்திருந்ததே என்பது அடுத்த வாதம். உறுப்பைச் சிதைப்பவர்களுக்குத் தண்டனை இருந்தது உண்மை. அதனால்தான் குதிரையிலிருந்து விழுந்தான், பன்றி கடித்தது என்று காரணங்கள் சொல்லப்பட்டன. இந்த அறுவை எங்கே நடக்கிறது என்று 1770இல் ஆங்கில இசை வரலாற்றாசிரியர் சார்ல்ஸ் பர்னி விசாரித்தபோது, மிலானில் வெனிஸைக் காட்டினார்கள், வெனிஸில் பொலோன்யாவைக் காட்டினார்கள். ஒவ்வோர் ஊரும் அடுத்த ஊரைக் கைகாட்டியது. ஆனால் செய்தவனைத் தண்டிக்கும் அதே சபை, செய்யப்பட்டவனுக்குச் சம்பளம் கொடுத்தது. புனித பேதுரு ஆலயப் பாடகர் குழுவில் காஸ்ட்ராட்டோக்களைச் சேர்க்க 1589இல் ஆணையிட்டவர் போப் ஐந்தாம் சிக்ஸ்டஸ். ஏழைத் தகப்பன் மகனைக் கத்திக்குக் கொடுக்க இந்தச் சம்பளமே போதுமான காரணம். ஆலயத்தில் பெண்கள் பாடக்கூடாது என்பதால் வேறு வழியில்லை என்ற சமாதானமும் நிற்காது. 1903இல் போப் பத்தாம் பயஸ் உச்சக் குரல்களுக்குச் சிறுவர்களையே பாடவைக்கச் சொன்னார். 1589இலும் ரோமில் சிறுவர்கள் இருந்தார்கள்.