உம்மாவின் தட்டில் நண்டு



எங்கள் குறிஞ்சாக்கேணிக்கு ஒரு பக்கம் கொட்டியாரக்குடா, மறுபக்கம் தம்பலகாமக் குடா. இடையில் கண்டல் மரங்கள் நிற்கும் களப்பு. கடலில் நீலக்கால் நண்டு, களப்பில் பருத்த சேற்று நண்டு. அதனால் நண்டு எங்களுக்குப் புதிய உணவல்ல. எங்கள் வீட்டில் நண்டு ஆக்கும் நாளில் உம்மா முதலில் பிள்ளைகளுக்கு ஓடு உடைத்துக் கொடுப்பார், பிறகு வாப்பாவுக்கு. சட்டியில் மிஞ்சும் மெல்லிய கால்களே அவருக்கு.

காலம் சென்றது. உம்மாவின் பற்கள் விழுந்தன. ஒரு நாள் சஹனில் நண்டைக் கண்டதும், "எனக்கு இப்ப நண்டு ஆசையில்ல மகன், நீங்க தின்னுங்க" என்றார். மாணவர்களுக்குக் கிதாபுகளை விளக்கும் நான், பெற்ற தாயின் அந்த ஒரு வாக்கியத்தை விளங்கிக்கொள்ளவில்லை. பல மாதங்களின் பின், அவர் பாண் துண்டை நண்டு ஆணத்தில் தோய்த்து மெதுவாக உறிஞ்சுவதைக் கண்டபோதுதான் விளங்கியது. ஆசை போகவில்லை, பல்தான் போயிருந்தது.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் செய்வதுதான் இந்த நண்டு அடை. அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில், செசபீக் விரிகுடாக் கரையில் இது பெயர்பெற்ற உணவு. இலங்கைக் கடலில் பிடிபடும் நீலக்கால் நண்டின் சதையும் பதப்படுத்தப்பட்டு அமெரிக்காவுக்கு ஏற்றுமதியாகி வந்துள்ளது. வடபகுதித் தொழிற்சாலைகளில் அந்தச் சதையைப் பிரித்தெடுப்பவர்கள் பெரும்பாலும் பெண்களே. கடல் கடந்தவர்கள் ஓடில்லாமல் உண்ணும் நண்டை, நம் வீட்டு முதியவர்களும் ஓடில்லாமல் உண்ணட்டுமே!

செய்முறைக்கு முன் ஒரு விடயம். நண்டு ஆகுமா என்று பலர் கேட்பதுண்டு. இதில் இமாம்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. மாலிக்கி மத்ஹபில் ஆகும். ஹனஃபி மத்ஹபில் நீர்வாழ் உயிரினங்களில் மீன் மட்டுமே ஆகும். நமது ஷாஃபிஈ மத்ஹபிலேயே, இமாம் நவவி (ரஹ்) அவர்களின் மின்ஹாஜில் நிலத்திலும் நீரிலும் வாழ்பவற்றோடு நண்டும் தடுக்கப்பட்டதாக வருகிறது. அவர்களுடைய மஜ்மூஉவிலோ, தவளை தவிரக் கடல்வாழ் உயிரினங்கள் ஆகும் என்ற கருத்து வலுப்படுத்தப்படுகிறது. ஆகவே உண்பவர் உண்ணாதவரைப் பழிக்க வேண்டாம். உண்ணாதவர் உண்பவரைக் கடிய வேண்டாம். தவிர்ப்பவர்கள் இதே முறையில் பாறை மீனை அவித்து, முள் நீக்கிச் செய்துகொள்ளலாம்.

இனி செய்முறையைப் பாருங்கள். உயிருள்ள நண்டாகவே வாங்குங்கள். செத்த நண்டின் சதை விரைவில் இளகிக் கெட்டுவிடும். வயிற்றில் முட்டை சுமந்த நண்டை வாங்காதீர்கள். நாளைய நண்டுகள் அதில்தான் இருக்கின்றன. உயிரோடு கொதிநீரில் போடவும் வேண்டாம். அறுக்கும்போதும் அழகிய முறையைக் கடைப்பிடிக்கச் சொன்ன மார்க்கம் நம்முடையது. அரை மணி நேரம் ஐஸில் புதைத்து வையுங்கள். அசைவு நன்றாக அடங்கிய பிறகு கழுவி, ஆவியில் வையுங்கள். தண்ணீரில் அவித்தால் ருசி தண்ணீரோடு போய்விடும். நடுத்தர நண்டுக்குப் பதினைந்து நிமிடம் போதும். ஓடு முழுவதும் சிவந்திருக்க வேண்டும். அந்தச் சிவப்பு புதிதாக வருவதல்ல. ஓட்டினுள் புரதத்தோடு பிணைந்து மறைந்திருந்த நிறமே சூட்டில் விடுபட்டு வெளிப்படுகிறது.

ஆறியதும் மேலோட்டைக் கழற்றி, இருபக்கமும் பஞ்சுபோல் இருக்கும் செவுள்களை எறிந்துவிட்டுச் சதையை எடுங்கள். ஒரு கிலோ நண்டில் ஏறத்தாழ கால் கிலோ சதைதான் கிடைக்கும். ஓட்டுத் துணுக்கு இருக்கிறதா என்று விரல் நுனியால் இரண்டு முறை தடவிப் பாருங்கள். பல்லில்லாத ஈறில் ஒரு துணுக்குக் குத்தினால் செய்த வேலையெல்லாம் வீண்.

கால் கிலோ சதைக்கு நான்கு சின்ன வெங்காயம், ஒரு பச்சை மிளகாய், கொஞ்சம் கறிவேப்பிலை ஆகியவற்றைப் பொடியாக அரிந்து, சிறிது எண்ணெயில் வதக்கி ஆறவிடுங்கள். பச்சையாகப் போட்டால் வெங்காயம் நீர்விட்டு அடையை உடைத்துவிடும். சதையையும் மெதுவாகப் பிழிந்து நீரை எடுங்கள். அதனுடன் ஒரு முட்டை, மூன்று மேசைக்கரண்டி ரஸ்க் தூள், அரைத் தேக்கரண்டி மிளகுத்தூள், சிறிது தேசிக்காய்ச் சாறு, அளவான உப்பு. பிசையாமல், சதை உதிராதபடி கிளறிச் சேருங்கள். நாம் செய்யும் கட்லட்டில் உருளைக்கிழங்கே பெரும்பங்கு. இதில் கிழங்கு வேண்டாம்; முட்டை பிணைக்கும், ரஸ்க் தூள் ஈரத்தை உறிஞ்சும்.

எட்டு அடைகளாகத் தட்டி, குளிர்சாதனப் பெட்டியில் அரை மணி நேரம் வையுங்கள். அப்போதுதான் இறுகும். பிறகு இருபக்கமும் ரஸ்க் தூளில் இலேசாகப் புரட்டுங்கள். தட்டையான தாச்சியில், அடையின் பாதி உயரத்துக்கு மட்டும் எண்ணெய் விட்டு, நடுத்தரச் சூட்டில் பக்கத்துக்கு மூன்று நான்கு நிமிடம் பொரியுங்கள். தாச்சியை நெருக்கி நிரப்பினால் சூடு இறங்கி அடை எண்ணெய் குடிக்கும். ஒரு முறைதான் திருப்ப வேண்டும். வெளியே மொறுமொறுப்பு, உள்ளே பூப்போல மிருது.

விருந்தாளிக்கு வைக்கும்போது ஒன்றை மறவாதீர்கள். கறியில் நண்டின் கால் வெளியே தெரியும், அடையில் தெரியாது. எனவே, "இது நண்டு" என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். அவர் நண்டைத் தவிர்ப்பவராக இருக்கலாம். அல்லது நண்டு ஒவ்வாதவராக இருக்கலாம். ஒவ்வாதவருக்கு உடல் தடித்து, உதடு வீங்கி, மூச்சுத் திணறும்; உயிருக்கே ஆபத்தாகும். அப்படிக் கண்டால் தாமதியாமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு செல்லுங்கள்.

கடைசியாக ஆண்களுக்கு ஒரு சொல். இதில் அடுப்பு வேலை சொற்பம். சதை எடுப்பதுதான் ஒரு மணி நேர வேலை. விரலைக் கீறும், இடுப்பை ஒடிக்கும். அதைப் பெண்கள் தலையில் மட்டும் சுமத்திவிட்டு, "இன்னும் ஆகவில்லையா?" என்று கேட்காதீர்கள். நபி (ஸல்) அவர்கள் வீட்டில் தம் குடும்பத்தாரின் வேலைகளில் ஈடுபடுவார்கள், தொழுகை நேரம் வந்ததும் எழுந்து செல்வார்கள் என்று ஆயிஷா (ரலி) அவர்கள் அறிவித்திருப்பது புகாரியில் பதிவாகியுள்ளது. பாயை விரித்து, பிள்ளைகளையும் சேர்த்துக்கொண்டு உட்காருங்கள்.

முதல் முறை செய்தபோது நானும் பிள்ளைகளும்தான் சதை எடுத்தோம். என் மனைவி பொரித்தார். முதல் அடையை உம்மாவின் தட்டில் வைத்தேன். பிய்த்து வாயில் வைத்தார். சிறிது நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு கேட்டார்: "இன்னொன்று இருக்கா மகன்?"

உங்கள் வீட்டிலும் "எனக்கு வேண்டாம்" என்று சொல்லும் ஒருவர் இருப்பார். அவருக்கு உண்மையிலேயே வேண்டாமா என்று இன்றே ஒரு முறை பாருங்கள். பெற்றோர் நம்மைச் சிறுவயதில் வளர்த்ததுபோல் அவர்களைப் பராமரிக்கும் பாக்கியத்தை அல்லாஹ் நம் அனைவருக்கும் தருவானாக. ஆமீன்.