இரவு ஆட்டம் முடிந்தது. வீடு திரும்புவது எப்படி?

மாணவ நண்பர்களே, மின்னொளி கபடிப் போட்டி என்று சுவரொட்டி பார்த்திருப்பீர்கள். விழுப்புரம், கடலூர், கள்ளக்குறிச்சி மாவட்டங்களில் இப்போட்டிகள் நடக்காத கோடைக்காலமே இல்லை எனலாம். மாலையில் விளக்குகள் எரியத் தொடங்கும். அக்கம்பக்கத்து ஊர்களிலிருந்தெல்லாம் கூட்டம் திரளும். ஆட்டம் சூடு பிடிக்கும்போது நேரம் போவதே தெரியாது. பிறகு யாரோ ஒருவர் கேட்பார்: "கடைசி பஸ் போயிடுச்சா?"

அது மிக முக்கியமான கேள்வி. பேருந்து போய்விட்டால், தூக்கக் கலக்கத்தில் இருக்கும் ஒரு நண்பனின் மோட்டார் சைக்கிளில் மூன்றாவது ஆளாக ஏறத் தோன்றும். 2022-ம் ஆண்டில் நம் நாட்டில் சாலை விபத்துகளில் 1,68,491 பேர் உயிரிழந்தார்கள். அவர்களில் நூற்றுக்கு 44 பேருக்கு மேல் இருசக்கர வாகனங்களில் சென்றவர்கள். ஆகவே இரவில் வீடு திரும்பும் வழியை விளையாட்டாக எண்ணிவிடக் கூடாது. அதற்குள் கொஞ்சம் கணக்கும், கொஞ்சம் உயிரியலும் இருக்கின்றன. அவற்றைப் பார்ப்போமா?

பதினைந்து ஆட்டங்களின் கணக்கு

இரவுப் போட்டிகள் ஏன் விடிய விடிய நடக்கின்றன? 16 அணிகள் வந்திருப்பதாக வைத்துக்கொள்வோம். தோற்ற அணி வெளியேறிவிடும். அப்படியானால் மொத்தம் எத்தனை ஆட்டங்கள்? அட்டவணை போட்டுப் பார்க்கத் தேவையில்லை. ஓர் ஆட்டத்தில் ஓர் அணி வெளியேறும். கடைசியில் ஒரே அணி மிஞ்ச வேண்டுமானால் 15 அணிகள் வெளியேற வேண்டும். ஆகவே 15 ஆட்டங்கள்.

கபடியில் 20 நிமிடங்கள் கொண்ட இரண்டு பாதிகள். நடுவில் 5 நிமிட இடைவேளை. ஆக, ஓர் ஆட்டத்துக்கு 45 நிமிடங்கள். 15 ஆட்டங்களுக்கு 675 நிமிடங்கள், அதாவது 11 மணி 15 நிமிடங்கள். மாலை 6 மணிக்குத் தொடங்கினால் இறுதி ஆட்டம் முடியும்போது மறுநாள் காலை மணி 5.15! அணிகள் களமிறங்கும் நேரத்தையும் பரிசளிப்பையும் இதில் சேர்க்கவே இல்லை. பல ஊர்களில் ஆட்ட நேரத்தைக் குறைத்துக்கொள்கிறார்கள். அப்போதும் நள்ளிரவு தாண்டிவிடுகிறது.

கடைசிப் பேருந்து ஏன் அவ்வளவு சீக்கிரம்?

திருநாவலூரை எடுத்துக்கொள்வோம். சுந்தரமூர்த்தி நாயனார் பிறந்த ஊர். விழுப்புரத்துக்கும் உளுந்தூர்பேட்டைக்கும் இடையில், தேசிய நெடுஞ்சாலையிலிருந்து சற்று உள்ளே தள்ளி இருக்கிறது. நெடுஞ்சாலையில் சென்னைக்கும் திருச்சிக்குமாக இரவு முழுவதும் பேருந்துகள் ஓடிக்கொண்டே இருக்கின்றன. ஆனால் நெடுஞ்சாலையிலிருந்து ஊருக்குள் போகும் அந்தச் சில கிலோமீட்டருக்குத்தான் இரவில் வண்டி இல்லை. 200 கிலோமீட்டர் சுலபம். கடைசிச் சில கிலோமீட்டர்தான் கடினம். நம் நாட்டில் மட்டுமல்ல, உலகெங்கும் போக்குவரத்துத் திட்டமிடுவோர் எதிர்கொள்ளும் சிக்கல் இது.

காரணம் என்ன? ஒரு பேருந்து ஒரு லிட்டர் டீசலில் ஏறக்குறைய 5 அல்லது 6 கிலோமீட்டர் ஓடும். 50 பேர் ஏறினாலும் 4 பேர் ஏறினாலும் டீசல் செலவில் பெரிய வேறுபாடு இல்லை. இரவு 11 மணிக்கு 4 பேரை 25 கிலோமீட்டர் தள்ளி ஒரு கிராமத்தில் இறக்கிவிட்டு, காலியாகத் திரும்பினால் அந்தத் திரும்பும் ஓட்டத்துக்கே 4 முதல் 5 லிட்டர் டீசல் வீணாகும். ஓட்டுநருக்கும் நடத்துநருக்கும் வேலை நேர வரம்பு உண்டு. அவர்களுக்கும் தூக்கம் வேண்டும்.

இதற்கு நம் போக்குவரத்துக் கழகங்கள் ஓர் எளிய வழி வைத்திருக்கின்றன. கடைசிப் பேருந்து கிராமத்துக்குப் போய் அங்கேயே தங்கிவிடும். 'நைட் ஹால்ட்' என்று நம் ஊர்களில் சொல்வார்கள். ஓட்டுநரும் நடத்துநரும் அங்கேயே படுத்துறங்குவார்கள். காலையில் அதே வண்டி முதல் பேருந்தாகப் புறப்படும். காலி ஓட்டம் மிச்சம். காலையில் சந்தைக்கும் வேலைக்கும் போவோருக்கும் வசதி. ஆனால் இதில் ஒரு நிபந்தனை ஒளிந்திருக்கிறது. காலை 5 மணிக்கு வண்டியை எடுக்க வேண்டியவர் இரவு 9, 10 மணிக்காவது படுக்க வேண்டாமா? அதனால்தான் கடைசிப் பேருந்து சீக்கிரம் போய்விடுகிறது. உங்கள் ஊரின் கடைசிப் பேருந்து நேரத்தை முடிவு செய்வது, பல சமயம், மறுநாளின் முதல் பேருந்து நேரம்தான்!

சேப்பாக்கத்தில் என்ன செய்தார்கள்?

கூட்டம் இருக்கும் இரவில் மட்டும் வண்டியின் நேரத்தை நீட்டிக்க முடியாதா? முடியும். சென்னை சேப்பாக்கம் மைதானத்தில் ஐ.பி.எல். ஆட்டங்கள் இரவு 7.30 மணிக்குத் தொடங்கி 11 மணிக்கு மேல் முடிகின்றன. வழக்கமாக மெட்ரோவின் கடைசி ரயில் முனையங்களிலிருந்து இரவு 11 மணியளவில் புறப்பட்டுவிடும். 2023-ம் ஆண்டுப் போட்டிகளின்போது, சேப்பாக்கத்தில் ஆட்டம் நடந்த நாட்களில் மெட்ரோ நிறுவனம் ரயில் நேரத்தை நள்ளிரவுக்கு அப்பாலும் நீட்டித்தது. ஆட்டத்துக்கு வாங்கிய சீட்டையே ரயில் சீட்டாகக் காட்டிப் பயணம் செய்யவும் ஏற்பாடு செய்தது. மைதானத்துக்கு அருகிலுள்ள நிலையம் அரசினர் தோட்டம்.

ஒரு சிறு கணக்கு. ரசிகர்களில் 9,600 பேர் மெட்ரோவுக்கு வருவதாகவும், ஒரு ரயிலில் 1,200 பேர் ஏறுவதாகவும் கொள்வோம். 8 ரயில்கள் வேண்டும். இரு திசைகளிலும் 10 நிமிடத்துக்கு ஒரு ரயில் விட்டால் 40 நிமிடங்களில் கூட்டம் கரைந்துவிடும். சீட்டு வாங்கும் வரிசையும் இல்லாததால் நேரம் இன்னும் மிச்சம்.

இது பெருநகரத்துக்கு மட்டும் உரியதா? இல்லை. உளுந்தூர்பேட்டை வட்டத்திலுள்ள கூவாகத்தில் சித்திரைத் திருவிழா நடக்கும்போது சிறப்புப் பேருந்துகள் விடப்படுகின்றன. கூட்டம் எப்போது, எவ்வளவு வரும் என்று முன்கூட்டியே தெரிந்தால் வண்டி விடலாம். கபடிப் போட்டி நடத்தும் இளைஞர் மன்றமும் அருகிலுள்ள பணிமனைக்கு முன்னதாகவே எழுதிக் கேட்கலாம்.

அதைவிட எளிய வழியும் உண்டு. ஒரு களத்துக்குப் பதில் இரண்டு களங்கள் போட்டால்? முதல் சுற்றின் 8 ஆட்டங்கள் 4 தவணைகளில் முடியும். காலிறுதிக்கு 2 தவணை, அரையிறுதிக்கு 1, இறுதிக்கு 1. மொத்தம் 8 தவணைகள், 360 நிமிடங்கள், 6 மணி நேரம். பிற்பகல் 3 மணிக்குத் தொடங்கினால் இரவு 9 மணிக்குக் கோப்பை கைமாறிவிடும்!

பின்னாலிருந்து எண்ணுங்கள்

பயணத்தைத் திட்டமிடும்போது நாம் புறப்படும் நேரத்திலிருந்து எண்ணத் தொடங்குகிறோம். இரவுப் பயணத்துக்கு அது சரிப்படாது. வீட்டிலிருந்து பின்னோக்கி எண்ண வேண்டும்.

கற்பனையாகச் சில நேரங்கள் வைத்துக்கொள்வோம். உளுந்தூர்பேட்டையிலிருந்து உங்கள் ஊருக்குக் கடைசிப் பேருந்து இரவு 9.40. போட்டி நடக்கும் ஊரிலிருந்து உளுந்தூர்பேட்டைக்கு 35 நிமிடப் பயணம். அங்கிருந்து 8.30-க்கு ஒரு வண்டி, 9.15-க்கு ஒரு வண்டி. 9.15 வண்டி 9.50-க்குத்தான் போய்ச் சேரும்; 10 நிமிடத்தில் எல்லாம் போச்சு. ஆகவே உங்களுடைய 'கடைசிப் பேருந்து' 9.40 அல்ல, 8.30! நீங்கள் 8.15-க்கு நிறுத்தத்தில் இருக்க வேண்டும். 6 மணிக்குத் தொடங்கிய போட்டியில் மூன்று ஆட்டங்கள் பார்க்கலாம். இதைப் போகும் முன்பே தெரிந்துகொண்டால் பதற்றமில்லை.

இன்னொரு வேடிக்கை. ஒரு மணி நேரத்தில் 2 பேருந்துகள் வருகின்றன. சராசரியாக எவ்வளவு நேரம் காத்திருப்பீர்கள்? 30 நிமிடத்துக்கு ஒன்றாகச் சீராக வந்தால் சராசரி 15 நிமிடம். ஆனால் ஒன்றன்பின் ஒன்றாக 10 நிமிட இடைவெளியில் இரண்டும் வந்துவிட்டு, அடுத்த 50 நிமிடம் ஒன்றுமே வராவிட்டால்? நீங்கள் அந்த நீண்ட இடைவெளியில் போய் மாட்டிக்கொள்ளும் வாய்ப்பு ஆறில் ஐந்து. அதில் சராசரிக் காத்திருப்பு 25 நிமிடம். குறுகிய இடைவெளியில் 5 நிமிடம். இரண்டையும் சேர்த்தால் சராசரி ஏறக்குறைய 22 நிமிடம். வண்டிகளின் எண்ணிக்கை அதேதான். காத்திருப்பு மட்டும் கூடிவிட்டது. 'நான் போனால் மட்டும் பஸ் வராது' என்று அலுத்துக்கொள்கிறோமே, அதில் கொஞ்சம் கணித உண்மையும் இருக்கிறது!

கண்ணுக்கு அரை மணி கொடுங்கள்

மின்னொளி மைதானத்திலிருந்து இருட்டான சாலைக்கு வந்தவுடன் ஒன்றுமே தெரிவதில்லை. ஏன்? நம் விழித்திரையில் இருவகை உணர்செல்கள் உள்ளன. பகலொளியில் நிறங்களைக் காட்டுபவை கூம்புச் செல்கள்; சுமார் 60 லட்சம். மங்கிய ஒளியில் வேலை செய்பவை கோல் செல்கள். சுமார் 12 கோடி. கோல் செல்களில் உள்ள ரோடாப்சின் என்னும் நிறமி, பலத்த ஒளி பட்டதும் சிதைந்துவிடும். இருட்டில் அது மீண்டும் உருவாக ஏறத்தாழ அரை மணி நேரம் ஆகும்.

ஆகவே விளக்கு வெளிச்சத்திலிருந்து வெளியேறியவுடன் சாலையைக் கடக்க அவசரப்படாதீர்கள். நடுவில் கைபேசித் திரையைப் பார்த்தால், கண் சேர்த்து வைத்த உணர்திறன் குறைந்துவிடும். உங்களைவிட வாகன ஓட்டியின் நிலை இன்னும் மோசம். எதிரே வரும் விளக்குகள் அவர் கண்ணைக் கூசச் செய்துகொண்டே இருக்கின்றன. கறுப்புச் சட்டை அணிந்தவர் அவருக்குக் கடைசி நொடியில்தான் தெரிவார். வெள்ளைச் சட்டையும் கையில் ஒரு டார்ச் விளக்கும் இரவில் உயிர்காக்கும் பொருள்கள்.

உடம்புக்குள் ஒரு கடிகாரம்

நள்ளிரவில் கண் சொருகுவது சோம்பலினால் அல்ல. மூளையின் அடிப்பகுதியில் ஒரு சிறு நரம்புக் கொத்து நம் உடம்பின் கடிகாரமாக இயங்குகிறது. இருட்டியதும் மெலடோனின் என்னும் இயக்குநீர் சுரக்கிறது. உடல் வெப்பம் மெல்லக் குறைந்து, விடியற்காலை 4, 5 மணியளவில் மிகக் குறைந்த அளவை அடைகிறது. இந்தக் கடிகாரத்தின் மூலக்கூறுகளைக் கண்டறிந்த ஹால், ராஸ்பாஷ், யங் ஆகிய மூவருக்கும் 2017-ல் நோபல் பரிசு கிடைத்தது. நம் மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் எம்.கே. சந்திரசேகரன் இத்துறையை வளர்த்தார். வெளிச்சம் எட்டாத குகையிலுள்ள வௌவால்களும்கூட நேரம் அறிந்து நடந்துகொள்வதை அவரது குழுவினர் ஆராய்ந்தார்கள்.

1997-ல் ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள் டாசன், ரீட் இருவரும் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். தொடர்ந்து 17 மணி நேரம் விழித்திருப்பவரின் கைத்திறன், இரத்தத்தில் 0.05 சதவீதம் மது கலந்தவரின் அளவுக்குக் குறைந்துவிடுகிறது என்று அதில் தெரியவந்தது. இந்தியச் சட்டம் வாகன ஓட்டிக்கு அனுமதிக்கும் உச்ச வரம்போ 0.03 சதவீதம்தான்!

காலை 6 மணிக்கு எழுந்தவருக்கு 17 மணி நேரம் எப்போது முடிகிறது? இரவு 11 மணிக்கு. ஒரு துளி மதுவும் தொடாத உங்கள் அண்ணன், இரவு ஆட்டம் பார்த்துவிட்டு மோட்டார் சைக்கிளை எடுக்கும்போது மது அருந்தியவரின் நிலையில் இருக்கலாம். அவருக்கே அது தெரியாது என்பதுதான் ஆபத்து. தூக்கம் வருகிறவர் தான் எவ்வளவு தூங்கி வழிகிறோம் என்பதைச் சரியாக எடைபோட முடிவதில்லை. பேருந்தில் நீங்கள் தூங்கலாம். வண்டி ஓட்டும்போது ஒரு நொடி கண்ணயர்ந்தாலும் போதும். மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் அந்த ஒரு நொடியில் வண்டி 16 மீட்டருக்கு மேல் போய்விடும்.

முதல் பேருந்தும் ஒரு வழிதான்

சேப்பாக்கத்தில் ஆட்டம் பார்த்துவிட்டு ஒருவர் திருநாவலூர் திரும்புவதாகக் கொள்வோம். கிளாம்பாக்கம் முனையத்துக்குப் போய், நள்ளிரவுக்குப் பின் தெற்கே செல்லும் பேருந்தில் ஏறினால் விடியும் முன் உளுந்தூர்பேட்டை வந்துவிடுவார். சில வண்டிகள் ஊருக்குள் வராமல் புறவழிச் சாலையிலேயே இறக்கிவிடும். ஆகவே ஏறும்போதே நடத்துநரிடம் கேட்டுவிட வேண்டும். பேருந்து நிலையத்தில் விளக்கு உண்டு, தேநீர்க்கடை உண்டு, மனிதர்கள் உண்டு. ஒன்றிரண்டு மணி நேரம் அங்கே உட்கார்ந்திருந்து முதல் பேருந்தில் ஊருக்குப் போவது, இருட்டில் யாரோ ஒருவரின் வண்டியில் ஏறுவதைவிட மேலானது.

உள்ளூர்ப் போட்டிக்குப் போகும் உங்களுக்கும் இது பொருந்தும். தனியாகப் போகாதீர்கள். எந்த வண்டியில் திரும்புவீர்கள் என்று வீட்டில் சொல்லிவிட்டுப் போங்கள். வண்டியைத் தவறவிட்டால் மறைக்காமல் உடனே வீட்டுக்குத் தெரிவியுங்கள். போட்டி நடத்தும் பெரியவர்களிடம் சொல்லி, அந்த ஊரிலேயே தங்க இடம் கேளுங்கள். திட்டு வாங்க நேரலாம், விடிந்ததும் மறந்துவிடும். அவசர உதவிக்கு 112, குழந்தைகள் உதவிக்கு 1098 ஆகிய எண்களை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்.

செய்து பாருங்கள்

1. உங்கள் ஊர் நிறுத்தத்தில் மாலை 5 மணி முதல் 8 மணி வரை வரும் பேருந்துகளின் நேரத்தை ஒரு வாரம் குறித்து வாருங்கள். இடைவெளிகள் சீரானவையா? சராசரிக் காத்திருப்பைக் கணக்கிடுங்கள்.

2. இரவில் வெளிச்சமான அறையில் ஒரு கண்ணை மட்டும் 20 நிமிடம் துணியால் மூடி வையுங்கள். பிறகு விளக்கை அணைத்து, கட்டை அவிழ்த்து, ஒவ்வொரு கண்ணாலும் மாறி மாறிப் பாருங்கள். எந்தக் கண்ணுக்கு அறை தெரிகிறது?

3. உங்கள் ஊரில் அடுத்த போட்டி எப்போது? எத்தனை அணிகள்? எத்தனை களங்கள் இருந்தால், எத்தனை மணிக்குத் தொடங்கினால், கடைசிப் பேருந்துக்குள் முடியும் என்று கணக்கிட்டுப் போட்டி நடத்தும் அண்ணன்மார்களிடம் கொடுங்கள். வெளியூர் அணிகளும் அவர்களோடு வந்தவர்களும் பத்திரமாக வீடு போய்ச் சேருவதற்கு உங்கள் கணக்கு உதவட்டும்!