பழைய குடும்ப ரகசியம் வயதான பிறகு ஏன் உறுத்துகிறது?

தம்பியின் பங்கு நிலத்தைத் தன் பெயருக்கு எழுதிக்கொண்டவர் நாற்பது வருடம் நிம்மதியாகத் தூங்கியிருப்பார். பேரன் பிறந்த பிறகு தூக்கம் போய்விடும். ஏன் இப்போது?

ஆறுமுகநேரி உப்பளத்துக்கு வாருங்கள். பாத்தியில் பாய்ச்சிய உப்புநீரில் முதலில் எதுவும் தெரியாது. வெயிலில் தண்ணீர் வற்ற வற்ற உப்பு பூக்கும். அது புதிதாக வந்ததல்ல; முன்பே கரைந்திருந்தது.

மனதிலும் இதுதான் நடக்கிறது. வேலை, கடன், பிள்ளைகளின் படிப்பு எல்லாம் வற்றியதும் பழையது மேலே வருகிறது. முதுமையில் வாழ்க்கையைத் திரும்பிப் பார்ப்பது இயல்பானதே என்று 1963-ல் எழுதினார் அமெரிக்க மனநல மருத்துவர் ராபர்ட் பட்லர். அதிலும் 10 முதல் 30 வயது வரையிலான நினைவுகளே முதியவர்களுக்கு அதிகம் வருகின்றன.

நினைக்காமல் இருந்துவிட்டால்? 1987-ல் உளவியலாளர் டேனியல் வெக்னர் தன் ஆய்வில் பங்கேற்றவர்களிடம், ‘வெள்ளைக் கரடியை நினைக்காதீர்கள், நினைத்தால் மணியடியுங்கள்’ என்றார். மணி அடித்துக்கொண்டே இருந்தது! அடக்கும் மனம், அடக்கவேண்டியதையே தேடிப் பார்க்கிறது.

அப்படியானால் இந்தப் பாரத்தை எப்படி இறக்கிவைப்பது? முதலில் எழுதுங்கள். 1986-ல் உளவியலாளர் ஜேம்ஸ் பென்னிபேக்கரின் ஆய்வில், மனக்காயங்களைத் தினம் 15 நிமிடம், 4 நாள் எழுதிய மாணவர்கள் அன்றன்று வருந்தினார்கள். ஆனால் அடுத்த மாதங்களில் மருத்துவரிடம் போவது குறைந்தது.

பிறகு, பாதிக்கப்பட்டவரைத் தனியே பாருங்கள். காரணம் அடுக்காமல், செய்ததைச் சொல்லி மன்னிப்புக் கேளுங்கள். திருப்பித் தர முடிந்ததைத் தந்துவிடுங்கள். இருவரும் உயிரோடு இருக்கும்போதே பேசிவிடுங்கள்.