'வன்மையாகக் கண்டிக்கிறோம்' முதல் 'கண்டம் ஆன பஸ்' வரை... கள்ளக்குறிச்சியில் தேடிய ஒரு சொல்!

2024 ஜூன் 19. கள்ளக்குறிச்சி நகரின் கருணாபுரத்தில் அடுத்தடுத்த வீடுகளில் சாவு. விஷச்சாராயம் குடித்தவர்களில் 65-க்கும் மேற்பட்டோர் அடுத்து வந்த நாள்களில் இறந்துபோனார்கள். கலந்திருந்தது மெத்தனால்.

அந்த வாரம் முழுக்க நம் போன் திரைகளில் அதிகம் ஓடிய வினைச்சொல் எது என்று யோசித்துப் பாருங்கள். 'கண்டிக்கிறோம்'. கட்சித் தலைவர்கள் கண்டித்தார்கள். அ.தி.மு.க உறுப்பினர்கள் கறுப்புச் சட்டையில் சட்டமன்றத்துக்கு வந்தார்கள். கண்டன அறிக்கை, கண்டன ஆர்ப்பாட்டம், கண்டன போஸ்டர். ஆங்கிலச் செய்திகளில் இதே இடத்தில் உட்கார்ந்திருந்த சொல், 'கண்டெம்'.

காதுக்கு இரண்டும் அண்ணன் தம்பி மாதிரிதான் இருக்கின்றன. ஆனால், சொந்தம் கிடையாது. நம் 'கண்டனம்' வடமொழியிலிருந்து வந்தது. வெட்டுதல், துண்டாக்குதல் என்பது அதன் வேர்ப்பொருள். 'துண்டம் கண்டமா வெட்டிட்டான்' என்கிறோமே, அதே கண்டம்தான். ஒருவரின் வாதத்தை வெட்டிப் பேசுவதும் கண்டனம் ஆனது. 'கண்டெம்' லத்தீனிலிருந்து வந்தது. உள்ளே இருக்கும் 'டாம்னம்' என்ற சொல்லுக்கு இழப்பு, சேதம் என்று அர்த்தம். 'டேமேஜ்' அதே குடும்பம். பேங்க்கில் கையெழுத்துப் போடச் சொல்கிறார்களே 'இன்டெம்னிட்டி பாண்ட்', அதுவும் அதே குடும்பம்தான்.

உச்சரிப்பில் ஒரு சின்ன விஷயம். எழுதும்போது கடைசியில் 'என்' என்ற எழுத்து இருக்கும், சொல்லும்போது வராது. 'கண்டெம்' என்று 'ம்'மில் நிறுத்திவிட வேண்டும். 'கண்டெம்னேஷன்' என்று நீளும்போது மட்டும் அந்த எழுத்துக்கு உயிர் வரும்.

அப்பா கண்டித்தால் கண்டெம் இல்லை!

ஸ்கூல் பிள்ளைகள் கவனிக்க. 'லேட்டா வந்ததுக்கு அப்பா கண்டிச்சார்' என்பதை ஆங்கிலத்தில் எழுதும்போது 'கண்டெம்' போட்டால், படிக்கிறவருக்குத் தூக்கிவாரிப் போடும். பெற்ற பிள்ளையை ஊரறிய 'இவன் அறம் கெட்டவன்' என்று அப்பா அறிவித்துவிட்டார் என்ற தொனி வந்துவிடும். அங்கே 'ஸ்கோல்டு' போதும். தமிழில் கண்டிப்பு என்பதில் அக்கறையும் கலந்திருக்கிறது. 'கண்டிச்சு வளர்த்த பிள்ளை' என்றால் பாராட்டு. போதாக்குறைக்கு, 'கண்டிப்பா வர்றேன்' என்று கல்யாணத்துக்கு வாக்குக் கொடுக்கவும் இதே சொல்லைத்தான் எடுக்கிறோம். 'கண்டெம்'மில் இந்த ஈரம் ஒரு சொட்டுகூட இல்லை.

இன்னொன்று, 'கண்டெம்' போட்ட பிறகு 'அகெய்ன்ஸ்ட்' சேர்க்கக் கூடாது. 'வன்முறைக்கு எதிராகக் கண்டிக்கிறோம்' என்று தமிழில் யாராவது எழுதினால் எப்படி இடறுமோ, அப்படி இடறும். எதைக் கண்டிக்கிறோமோ அது நேராகப் பக்கத்தில் வர வேண்டும். யாரை, எதற்காக என்றால் நடுவில் 'ஃபார்'.

இந்தச் சொல்லின் கனம் எவ்வளவு என்பது ஐ.நா-வில் தெரிந்தது. உக்ரைன் போர் தொடங்கிய மறுநாள், 2022 பிப்ரவரி 25 அன்று, பாதுகாப்பு கவுன்சிலில் ரஷ்யாவுக்கு எதிரான தீர்மானம் வாக்கெடுப்புக்கு வந்தது. வரைவில் முதலில் இருந்தது 'கண்டெம்'. அதை எடுத்துவிட்டு, ஒரு படி இறக்கி, 'டிப்ளோர்' என்று போட்டார்கள். எதிர்த்து வாக்களிக்கக்கூடிய நாடுகளை ஒதுங்கி நிற்கவாவது வைக்க வேண்டுமே! ரஷ்யா வீட்டோ செய்தது. இந்தியா, சீனா, ஐக்கிய அரபு அமீரகம் மூன்றும் வாக்களிக்காமல் ஒதுங்கின. 'டிப்ளோர்' என்றால் வருத்தமும் ஏற்க மறுப்பதும் கலந்த சொல். தமிழ்ச் செய்திகளில் இரண்டுக்கும் ஒரே 'கண்டனம்'தான். நடந்த பேரம் மொழிபெயர்ப்பில் காணாமல் போய்விடுகிறது.

பஸ் டெப்போவில் ஒரு அர்த்தம்

திட்டுவதைத் தாண்டி இந்த வினைச்சொல்லுக்கு இன்னும் வேலைகள் உண்டு. பஸ் டிரைவர், கண்டக்டர் யாரிடமாவது கேட்டுப் பாருங்கள். 'அந்த வண்டி கண்டம் ஆயிடுச்சு' என்பார்கள். இனி ஓடத் தகுதியில்லை என்று அதிகாரபூர்வமாக ஒதுக்கிய வண்டி. அரசு அலுவலகங்களில் 'கண்டம் செய்து ஏலம் விடப்படும்' என்று நோட்டீஸே ஒட்டுவார்கள். ஜோசியர் சொல்லும் 'தண்ணியில கண்டம்' வேறு. இது அசல் 'கண்டெம்', தமிழ் உடுத்தி வந்தது. 15 வருடம் தாண்டிய அரசு வாகனங்களின் பதிவு செல்லாது என்ற மத்திய அரசின் விதி 2023 ஏப்ரல் 1 முதல் அமலுக்கு வந்த பிறகு, கண்டம் ஆகும் வண்டிகள் கூடிப்போயின.

கட்டடங்களுக்கும் இதே சொல்தான். 2021 டிசம்பர் 17 அன்று திருநெல்வேலியில் ஒரு பள்ளியின் கழிப்பறைச் சுவர் இடிந்து 3 மாணவர்கள் இறந்தார்கள். அதன் பிறகுதான் மாநிலம் முழுக்கப் பழைய பள்ளிக் கட்டடங்களைத் தேடித் தேடி இடித்தார்கள். 'கண்டெம்' என்ற வார்த்தையை யாராவது நேரத்தோடு ஒரு ஃபைலில் எழுதியிருந்தால் அந்தப் பிள்ளைகள் பிழைத்திருப்பார்கள்.

மலைக்கு யார் விதித்தது?

மூன்றாவது அர்த்தம்தான் மொழிபெயர்ப்பவர்களைக் கவிழ்ப்பது. 'கண்டெம்டு டு' என்று வந்தால், திட்டும் இல்லை, கண்டமும் இல்லை. ஒருவரை ஒரு நிலைக்குத் தள்ளி, அங்கிருந்து மீளவிடாமல் செய்வது. மரண தண்டனைக் கைதியை ஆங்கிலத்தில் 'கண்டெம்டு பிரிசனர்' என்பது இந்த வழியில்தான். 'வறுமைக்குக் கண்டெம் செய்யப்பட்ட மக்கள்' என்று ஏஜென்சி காப்பியில் வந்தால், மொழிபெயர்ப்பு ஆப் 'வறுமைக்குக் கண்டிக்கப்பட்ட மக்கள்' என்று கொடுத்துவிடக்கூடும். வறுமையில் கிடந்ததற்காக அவர்களையே திட்டியதுபோல!

கள்ளக்குறிச்சிக்கு மேற்கே நிற்கும் கல்வராயன் மலைக்கு இந்த அர்த்தம் பொருந்திப்போகிறது. அங்கே வாழும் பழங்குடியினருக்கு மலையாளி என்று பெயர். (கேரளாவோடு குழப்பிக்கொள்ளாதீர்கள், மலையை ஆள்பவர்கள்.) நாடு 1947-ல் விடுதலை பெற்றது, இந்த மலை 1976 வரை ஜாகீர்தார்கள் கையில் இருந்தது. கருணாபுரம் சாவுகளுக்குப் பிறகு போலீஸ் கூட்டம் கூட்டமாக மலையேறி, சாராய ஊறல்களைக் கொட்டி அழித்தது. மலையில் சாராயம் காய்ச்சுவது நடக்காத விஷயம் என்று யாரும் சொல்லவில்லை. ஆனால், ஊறல் போட்டுக் காய்ச்சுவது வேறு, தொழிற்சாலைகளில் பயன்படும் மெத்தனால் வேறு. செய்திகளில் இரண்டும் 'கள்ளச்சாராயம்' என்ற ஒரே சாக்கில் விழுந்ததில், மலையின் பெயரும் கூடவே விழுந்தது. 'கண்டெம்'முக்கு இதற்கும் ஒரு பயன்பாடு உண்டு. ஒருவரின் முகமோ பேச்சோ ஊர்ப் பெயரோ அவரைக் குற்றவாளியாகக் காட்டிவிட்டால், 'அது அவரை கண்டெம் செய்தது' என்று எழுதலாம்.

2024 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதிகள் எஸ்.எம்.சுப்பிரமணியம், சி.குமரப்பன் அமர்வு, கல்வராயன் மலை மக்களின் நிலை குறித்துத் தாமாக முன்வந்து வழக்கு எடுத்தது. அங்கே பேசப்பட்டவை சாலை, போக்குவரத்து, மருத்துவம் போன்ற அடிப்படை வசதிகள். கண்டன அறிக்கைகளில் இவற்றைத் தேடிப் பார்த்தால் அநேகமாகக் கிடைக்காது. 'கண்டெம்டு டு' வரும் வாக்கியத்தைத் தமிழாக்கும்போது 'தள்ளப்பட்ட' என்று எழுதலாம், 'விதிக்கப்பட்ட' என்றும் எழுதலாம். எதை எழுதினாலும் 'யாரால்?' என்ற கேள்வி கூடவே வருகிறது. 'கண்டிக்கிறோம்' என்று முடித்தால் அந்தக் கேள்வி வருவதில்லை.

விஷச்சாராய வழக்கை 2024 நவம்பர் 20 அன்று உயர் நீதிமன்றம் சி.பி.ஐ-க்கு மாற்றியது. அதில் யாராவது குற்றவாளி என்று தீர்ப்பானால் ஆங்கிலப் பத்திரிகைகள் 'கண்டெம்' என்று எழுத மாட்டார்கள். அதற்கு இன்று வழக்கில் உள்ள சொல், 'கன்விக்ட்'.